‘காடு’ என்று பாடியதை ‘வனம்’ என்று அச்சிடலாமா? கொல்லிமலைப் பாட்டுக்கு எந்தத் தலைப்பு?

கேள்வி கேட்டவர்: இட்டேரி

அனைவருக்கும் வணக்கம். கொல்லிமலையில் உள்ள ஒரு பள்ளியில் ஆறு ஆண்டுகளாகத் தமிழ் கற்பித்து வருகிறேன். என் சொந்த ஊர் சேந்தமங்கலத்துப் பக்கம், அதாவது மலைக்குக் கீழே. எழுபது கொண்டை ஊசி வளைவுகளையும் வாரந்தோறும் ஏறி இறங்கினாலும் மேலே இருப்பவர்களுக்கு நான் இன்றும் கீழேயிருந்து வந்த ஆள்தான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனெனில் என் கேள்விக்கும் இதற்கும் தொடர்பு உண்டு.

இந்த ஆண்டுப் பள்ளி மலருக்காக, வீட்டில் யாராவது பாடும் பாட்டு இருந்தால் கேட்டு எழுதி வாருங்கள் என்று ஒன்பதாம் வகுப்பில் சொன்னேன். பெரும்பாலான பிள்ளைகள் திரைப்பாட்டையும் ஐயப்பன் பாட்டையும் எழுதி வந்தார்கள். ஒரு மாணவி மட்டும் கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் பென்சிலால் பதினான்கு வரிகள் எழுதியிருந்தாள். அவளுடைய ஆயா (பாட்டி) களையெடுக்கும்போது பாடுவதாம். அதில் நான்கு வரிகள் இவை:

எங்க காட்டுக் கட்டவெட்டி
எட்டுக் களை நானெடுக்க
உங்க காட்டு மல்லியச்சாமை
ஒத்தக் களை போகலையே

மலருக்குப் புரூப் பார்க்கும் பொறுப்பு சக ஆசிரியர் ஒருவரிடம் இருந்தது. அவர் உழைப்பாளி, மரபுக் கவிதை நன்றாக எழுதக்கூடியவர், தீய எண்ணம் ஏதும் இல்லாதவர். ‘கட்டவெட்டி’ என்ற சொல் அவருக்கும் விளங்கவில்லை, எனக்கும் விளங்கவில்லை. நான் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம் என்று வைத்திருந்தேன். அவர் சிவப்பு மையால் ஒரு கேள்விக்குறி போட்டுவிட்டு, பதினான்கு வரிகளையும் செப்பம் செய்து அச்சகத்துக்கு அனுப்பிவிட்டார். மேலே உள்ள நான்கு வரிகள் புரூப்பில் இப்படி வந்தன:

எங்கள் வனத்துத் தினையினிலே
எட்டுக் களைகள் யான்களைந்தேன்
உங்கள் மல்லிகைச் சோலையிலே
ஒற்றைக் களையும் போகவில்லை

மேலே ‘கொல்லிப்பாவையின் குரல்’ என்று தலைப்பு. கொல்லியை ஆண்ட வல்வில் ஓரியின் அம்பு எத்தனை விலங்குகளைத் துளைத்தது என்று அரைப் பக்கம் முன்னுரை. பகுதிக்குப் பொதுப் பெயர் ‘கொங்குத் தமிழ் மணம்’. மாணவியிடம் புரூப்பைக் காட்டினேன். இரண்டு முறை படித்துவிட்டு, “இது எங்க ஆயா பாட்டு இல்லீங்க மிஸ்” என்று திருப்பிக் கொடுத்தாள். அவள் குரலில் கோபம் இல்லை. யாருடைய நோட்டோ தவறுதலாகத் தன் கைக்கு வந்துவிட்டது போல நீட்டினாள்.

அச்சுக்குப் போக இன்னும் இரண்டு வாரம் இருக்கிறது. பேச்சில் உள்ளபடியே அச்சிடுவதுதான் சரி என்று மனம் சொல்கிறது. ஆனால் அதே மாணவி தேர்வில் ‘ஒத்தக் களை’ என்று எழுதினால் நானே மதிப்பெண்ணைக் குறைப்பேன். அப்படியிருக்க, மலரில் மட்டும் வேறு நீதியா என்று சக ஆசிரியர் கேட்டதற்கு என்னிடம் விடை இல்லை. தலைப்பிலும் எனக்குத் தெளிவில்லை. இது கொங்குப் பாட்டா, மலைப் பாட்டா, நாட்டுப்புறப் பாட்டா? கொல்லியைப் பற்றிச் சங்கப் பாடல்கள் இத்தனை இருக்கும்போது அவற்றை முன்னுரையில் சேர்ப்பது பொருத்தமா, அல்லது அந்த மூதாட்டியின் தலையில் நாம் ஏற்றும் சுமையா? இத்தகைய தொகுப்பு வேலையில் பழக்கம் உள்ளவர்கள் சொல்ல வேண்டுகிறேன்.

---

நொய்யற்கரை எழுதியது:

ஆசிரியர் அம்மாவுக்கு வணக்கம். கோயம்புத்தூரில் முப்பது ஆண்டுகள் புரூப் பார்த்து ஓய்வு பெற்றவன் நான். சிவப்பு மைப் பேனா கையில் இருந்தால் எதையாவது திருத்தாமல் இருக்க முடியாது என்பது எங்கள் தொழிலின் நோய். உங்கள் சக ஆசிரியர் மீது எனக்குப் பரிவே உண்டாகிறது.

ஆனாலும் ‘வனம்’ என்ற திருத்தம் எழுத்துத் திருத்தம் அன்று, பொருளையே மாற்றிய திருத்தம். கொங்கு நாட்டில் கிணற்றுத் தண்ணீர் பாய்ந்தால் அது தோட்டம், வாய்க்கால் பாய்ந்தால் வயல், மழையை நம்பிய புன்செய் என்றால் காடு, வேலி அடைத்து ஆடுமாடு மேய விட்டால் கொறங்காடு. “அப்பாரு காட்டுக்குப் போயிருக்கிறார்” என்றால் அவர் சோளத்துக்கோ கடலைக்கோ போயிருக்கிறாரே தவிர, புலி பார்க்கப் போகவில்லை. இந்தக் கணக்கு தெரிந்த எவருக்கும் அந்த மூதாட்டியின் வரியில் உள்ள குறும்பு உடனே தெரிந்துவிடும். எங்க காடு, உங்க காடு என்று வரப்புக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நிற்கும் இரண்டு பெண்களில் ஒருத்தி, தன் காட்டைச் சுத்தமாக வைத்துக்கொண்டு, பக்கத்துக் காட்டுக்காரியின் சோம்பலைக் குத்திக் காட்டுகிறாள். வனத்துக்கு ஏது வரப்பு? திருத்திய வடிவத்தில் கேலியும் போயிற்று, பக்கத்துக் காட்டுக்காரியும் போய்விட்டாள்.

தேர்வுத் தாளுக்கும் மலருக்கும் ஒரே நீதிதானா என்று கேட்டிருந்தீர்கள். தேர்வில் மாணவி எழுதுவது அவளுடைய மொழிப் பயிற்சி, ஆகவே அதைத் திருத்துவது உங்கள் கடமை. நோட்டில் அவள் எழுதிக் கொண்டுவந்தது இன்னொருவர் சொன்ன சொல். சாட்சி சொன்னதை எழுத்தர் தம் விருப்பப்படி மாற்றி எழுதக் கூடாது அல்லவா, அதே நீதிதான் இங்கும். பாட்டை உள்ளபடி அச்சிட்டு, விளங்காத சொற்களுக்கு அடியில் சிறிய எழுத்தில் பொருள் கொடுங்கள். பெருமாள்முருகன் தொகுத்த கொங்கு வட்டாரச் சொல்லகராதி 2000-ஆம் ஆண்டிலேயே வந்துவிட்டது. இந்தச் சொற்கள் பிழை அல்ல என்று காட்டச் சக ஆசிரியர் முன்னால் அதை எடுத்து வைக்கலாம்.

இன்னொன்றும் சொல்லத் தோன்றுகிறது. உரைநடையில் எங்கள் பேச்சு எப்போதோ ஏறிவிட்டது. ஆர். சண்முகசுந்தரம் 1942-இலேயே தம் நாவலில் கொங்குக் குடியானவர்களை அவர்கள் பேச்சிலேயே பேச வைத்தார். கவிதைக்கு அந்தத் துணிவு வரவில்லை. 1971-இல் கோவையில் வானம்பாடி இதழ் தொடங்கியபோது நான் இளைஞன். அந்தக் கவிஞர்களை வெறியோடு படித்தேன். சமூக நீதி, புரட்சி, மானுடம் எல்லாம் அதில் இருந்தன, மேடையில் ஓங்கிச் சொல்லத்தக்க கம்பீரமான தமிழும் இருந்தது. ஆனால் எங்கள் கட்டுத்தரையில் கேட்கும் தமிழை அதில் நான் அதிகம் கேட்கவில்லை. இது என் காதின் குறையாகவும் இருக்கலாம். கவிதை என்றால் பேச்சிலிருந்து ஒரு படி மேலே ஏற வேண்டும் என்ற நினைப்பு நம் எல்லோரிடமும் இருக்கிறது, உங்கள் சக ஆசிரியரிடம் சற்றுக் கூடுதலாக இருக்கிறது, அவ்வளவுதான்.

‘கட்டவெட்டி’ எனக்கும் தெரியாது. மலைக்காரர் யாராவது சொல்லட்டும்.

---

எழுபதாவது வளைவு எழுதியது:

நான் அந்த மலையில் பிறந்தவன். பன்னிரண்டு ஆண்டுகளாகத் திருப்பூரில் பனியன் கம்பெனியில் கட்டிங் வேலை. ஆசிரியர் அம்மா இந்தக் கேள்வியைக் கேட்டதற்கு முதலில் நன்றி, ஏனெனில் எங்களைப் பற்றிய மலர்களில் எங்களிடம் கேட்கும் வழக்கம் குறைவு.

கட்டவெட்டி என்பது சாமையில் ஒரு வகை, மல்லியச்சாமை இன்னொரு வகை. மலையில் வெறுமனே சாமை என்று சொன்னால் எந்தச் சாமை என்று திருப்பிக் கேட்பார்கள். ஆயா கட்டவெட்டி விதைத்திருக்கிறார், பக்கத்துக் காட்டில் மல்லியச்சாமை விதைத்திருக்கிறார்கள், பாட்டில் உள்ள செய்தி அவ்வளவுதான். மல்லியச்சாமை எப்படி மல்லிகைச் சோலை ஆயிற்று என்று படித்துவிட்டு என் அறையில் இருந்த ஊர்க்காரர்கள் மூன்று பேரும் சிரித்தோம். பிறகு சிரிப்பு அடங்கிவிட்டது, ஏனெனில் இந்த இரண்டு சாமையும் இன்று எங்கள் வீட்டுக் காட்டில் இல்லை. சேகோ ஆலைக்குப் போகும் குச்சிக்கிழங்கும் (மரவள்ளி), சில்வர் ஓக் மரத்தில் ஏற்றிய மிளகும்தான் இருக்கின்றன. கிழங்குக்காட்டிலும் களை உண்டு, ஆனால் பாட்டு இல்லை. சாமைக்காட்டில் பெண்கள் நெருக்கமாக வரிசை பிடித்துக் குனிந்து போவார்கள். கிழங்குக்காட்டில் செடி தள்ளித் தள்ளி நிற்கிறது, ஆட்களும் தள்ளித் தள்ளி நிற்கிறார்கள், ஒருவர் பாடினால் மற்றவருக்குக் கேட்பதில்லை.

நொய்யற்கரை ஐயா ‘வனம்’ பற்றிச் சொன்னது சரி, ஆனால் மலையில் அந்தச் சொல்லுக்கு இன்னொரு கனமும் உண்டு. எங்களுக்கு வனம் என்றால் வனத்துறை. எந்தக் கல் வரைக்கும் எங்கள் காடு, எந்தக் கல்லுக்கு அப்பால் வனம் என்பதற்காகத் தாத்தா காலத்திலிருந்து அலைந்திருக்கிறார்கள். 2006-இல் வன உரிமைச் சட்டம் வந்த பிறகும் அந்த மனுக்களோடு நடப்பது நிற்கவில்லை. இந்த நிலையில் “எங்கள் வனத்துத் தினையினிலே” என்று ஒரு மூதாட்டியின் பெயரில் அச்சிட்டால், வனத்துக்குள் புகுந்து வெள்ளாமை வைத்தேன் என்று அவரே எழுதிக் கொடுத்தது போல ஆகிவிடும். பகடியாகச் சொல்கிறேன், ஆனால் முழுப் பகடி அல்ல.

அடுத்து, ‘கொங்கு’ என்ற தலைப்பு. திருப்பூரில் என்னைக் கொல்லிமலைக்காரன் என்கிறார்கள். சாதிச் சான்றிதழில் மலையாளி என்று இருப்பதைப் பார்த்து, கேரளத்தில் எந்த ஊர் என்று கேட்டவர்கள் உண்டு. மலையை ஆள்பவர், மலையில் வாழ்பவர் என்ற பொருளில் வந்த பெயர் அது என்று ஒவ்வொரு முறையும் சொல்லிச் சலித்துவிட்டது. எங்கள் பெரியவர்கள் சொல்லும் கதையில் நாங்கள் காஞ்சிபுரத்திலிருந்து கரிராமன் சாமியோடு புறப்பட்டு வந்த அண்ணன் தம்பிகளின் வழி. அண்ணன் ஒரு மலைக்கும் தம்பிகள் வேறு மலைகளுக்கும் போனார்கள் என்பார்கள். அந்தக் கதை நடந்ததா இல்லையா என்பது வேறு. எங்கள் கதையிலேயே கொங்கு என்ற சொல் கிடையாது என்பதைத்தான் கவனிக்கச் சொல்கிறேன். மலைக்குள் எங்களுக்கு அடையாளம் நாடு. வாழவந்தி நாடு, அரியூர் நாடு, சேளூர் நாடு, வளப்பூர் நாடு, தேவனூர் நாடு, திண்ணனூர் நாடு என்று ஊராட்சிப் பெயரே அப்படித்தான் இருக்கிறது. நோம்பி, பெண் எடுப்பது, பஞ்சாயத்து எல்லாவற்றுக்கும் முதலில் கேட்பது எந்த நாடு என்பதைத்தான். கொங்கு என்று போட்டால் யாரும் சண்டைக்கு வர மாட்டார்கள். ஆனால் அந்த ஆயாவிடம் ‘உங்கள் பாட்டு கொங்குப் பாட்டு’ என்று சொல்லிப் பாருங்கள். கீழே சந்தைக்கு வந்தபோது யாரோ பாடியதை நான் எடுத்துக்கொண்டேனா என்று கேட்பார்.

ஒன்றை மறக்காமல் கேட்டுப் பாருங்கள். நான் சிறுவனாக இருந்தபோது கேட்ட களைப்பாட்டில் ஒரு ஆள் பாடி நிறுத்தினால் எதிர் வரிசையில் இருப்பவர் அதற்குப் பதில் பாடுவார். பதினான்கு வரியும் அந்த ஆயாவுடையவைதானா, அல்லது பாதி எதிராளியுடையவையா? பேத்தி வீட்டில் கேட்டு எழுதியதால் ஆயா இரண்டு பக்கத்தையும் தாமே பாடிக் காட்டியிருக்கலாம்.

---

மலைச்சாரல் எழுதியது:

கொங்கு என்ற பெயர் சங்க இலக்கியத்திலேயே கவிதையோடு சேர்ந்து வருகிறது என்பதற்குக் குறுந்தொகையின் இரண்டாம் பாடலான “கொங்குதேர் வாழ்க்கை அஞ்சிறைத் தும்பி” என்பதையே முன்னுரையில் போடலாமே?

---

குடவரை எழுதியது:

மலைச்சாரல் அவர்களே, அந்தப் பாடலில் கொங்கு என்பது பூந்தாது அல்லது தேன். தாதைத் தேடித் திரிவதே வாழ்க்கையாகக் கொண்ட தும்பியைத் தலைவன் விளிக்கிறான். அதை நாட்டுப் பெயராகக் கொள்ளும் வழக்கம் மேடைகளில் பெருகிவிட்டது. பள்ளி மலரிலும் அது ஏற வேண்டாம்.

ஆசிரியர் அம்மாவின் மூன்றாவது கேள்விக்குச் சற்று விரிவாகவே எழுதுகிறேன். கல்லூரியில் சங்கப் பாடல் கற்பிப்பவன் என்ற முறையில், முன்னுரையை நீக்க வேண்டாம், ஆனால் அதில் எடுத்தாளும் சங்கப் பாட்டை மாற்றுங்கள் என்பதே என் கருத்து.

சங்கப் பாடல்களில் கொல்லி பல இடங்களில் வருகிறது. ஆனால் எப்படி வருகிறது என்று பார்க்க வேண்டும். பெரும்பாலும் உவமையாக வருகிறது, அல்லது ஒருவருடைய உடைமையாக வருகிறது. அகநானூறு 209-இல் கல்லாடனார், முள்ளூர் மன்னன் காரி ஓரியைக் கொன்று சேரர்க்குக் கொடுத்த “செவ்வேர்ப் பலவின் பயங்கெழு கொல்லி” என்கிறார். பலாவின் வேர்ச் சிவப்பு வரைக்கும் பார்த்திருக்கிறார், ஆயினும் அந்த வரியில் மலை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்குப் போகும் பொருளாகவே இருக்கிறது. பிற்காலத்துக்கு வந்தால், அம்பலவாணக் கவிராயரின் அறப்பளீசுர சதகத்தில் ஒவ்வொரு பாட்டின் முடிவிலும் சதுரகிரி (கொல்லிமலையின் இன்னொரு பெயர்) வளர் அறப்பளீசுர தேவன் அழைக்கப்படுகிறார். பாட்டு முழுவதும் உலகநீதி, கடைசி அடியில் மட்டும் மலை. கடிதத்தின் மேல் எழுதும் முகவரி போல அது நின்றுவிடுகிறது.

உங்கள் சக ஆசிரியர் எடுத்துக்கொண்டது புறநானூறு 152, வன்பரணர் பாடியது. ஒரே அம்பு யானையை வீழ்த்தி, புலியைக் கொன்று, மானை உருட்டி, பன்றியைச் சாய்த்து, புற்றில் இருந்த உடும்பில் போய்த் தைத்தது என்னும் பாட்டு. எல்லோரும் உடும்போடு நிறுத்திவிடுகிறார்கள். அந்தப் பாட்டின் அழகு அதற்குப் பிறகுதான் இருக்கிறது. வேட்டுவன் யாரென்று அறியாத பாணர் கூட்டம் அவன் முன் பாடுகிறது, ‘கோ’, அதாவது அரசன், என்று அவனைச் சொல்கிறது. அது தன் பெயராகவே இருப்பதால் அவன் நாணுகிறான். ஆண்டுதோறும் ஆடி 17, 18 நாட்களில் ஓரி விழா நடக்கும்போது வழியெங்கும் நிற்கும் பதாகைகளைப் பார்க்கையில் எனக்கு அந்த நாணம்தான் நினைவுக்கு வரும்.

நீங்கள் போட வேண்டியவை இரண்டு பாடல்கள். ஒன்று குறுந்தொகை 100, கபிலர் பாடியது:

அருவிப் பரப்பின் ஐவனம் வித்திப்
பருவிலைக் குளவியொடு பசுமரல் கட்கும்
காந்தள் வேலிச் சிறுகுடி பசிப்பிற்
கடுங்கண் வேழத்துக் கோடுநொடுத் துண்ணும்
வல்வில் ஓரி கொல்லி

ஐவனம் என்பது மலைநெல். குளவி என்பது மலைமல்லிகை. கட்கும் என்பது களையும். அருவி பாயும் நிலத்தில் மலைநெல்லை விதைத்து, முளைத்துவரும் மலைமல்லிகையையும் பச்சை மரல் செடியையும் களைந்தெறிகிறார்கள். பசி வந்தால் யானைத் தந்தத்தை விற்று உண்கிறார்கள். கொல்லிமலையில் களையெடுப்பதைச் சொல்லும் வரி நம் கையில் இருக்கிறது, அதில் பசியும் மறைக்கப்படவில்லை. இதை விட்டுவிட்டு உடும்புக்குப் போக வேண்டியதில்லை. கபிலர் காலத்தில் மல்லிகை களையாக இருந்தது, உங்கள் மலரின் புரூப்பில் சாமை மல்லிகையாகிவிட்டது என்பதைச் சக ஆசிரியரிடம் நயமாகச் சொல்லிப் பாருங்கள். மரபறிந்தவர் என்கிறீர்கள், சிரித்துவிடுவார்.

இரண்டாவது குறுந்தொகை 89, பரணர் பாடியது. இதில் கொல்லிப்பாவையை ஒத்த மெல்லிய சிறுபெண் உரலில் குற்றுகிறாள், குற்றும்போது வள்ளைப் பாட்டுப் பாடுகிறாள். அயலார் அதைப் பற்றி ஏதேதோ பேசுகிறார்கள். அதற்காக இந்தப் பேதை ஊருக்கு என்ன கெட்டுப் போகிறது என்று தோழி கேட்கிறாள். அவள் பாடினாள் என்று பரணர் சொல்கிறார், “பெரும்பூண் பொறையன்” ஆளும் கொல்லி என்று மலைக்கு உரியவனையும் சொல்கிறார். ஆனால் அவள் பாடிய பாட்டின் ஓர் அடியையும் நமக்குத் தரவில்லை. இந்தப் பாடலைக் கற்பிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் குறை இருக்கும். உரலின் ஓசை கேட்கிறது, அதைக் கேட்ட ஊரின் முணுமுணுப்பும் கேட்கிறது, அவள் பாட்டு கேட்கவில்லை. உங்கள் மாணவி பென்சிலால் எழுதி வந்த பதினான்கு வரி அந்த இடத்தில் வைக்கத்தக்கது. அதையும் நாமே ‘யான்களைந்தேன்’ என்று மாற்றிவிட்டால் பரணர் விட்ட இடத்தில்தான் மறுபடியும் நிற்போம்.

ஒரு சிறு எச்சரிக்கை. கொல்லிப்பாவைதான் இன்றைய எட்டுக்கை அம்மன் என்று மலையில் பலர் நம்புகிறார்கள். நம்பிக்கை என்று எழுதுங்கள், வரலாறு என்று எழுத வேண்டாம். பாட்டுக்குத் தலைப்பாகக் கொல்லிப்பாவை வேண்டவே வேண்டாம். கண்டவரை மயக்கிக் கொல்லும் பாவை என்று பிற்காலம் விரித்த கதையைச் சாமைக்காட்டில் முதுகு வளைந்து நிற்கும் ஒரு பெண்ணின் மீது போர்த்துவது எனக்குச் சரியாகப் படவில்லை.

---

திம்பத்துக்கு மேலே எழுதியது:

சுருக்கமாக ஒன்று. கொங்கு மண்டலத்தின் எல்லை சொல்லும் பழைய வெண்பா வடக்கே தலைமலை, மேற்கே வெள்ளிப் பொருப்பு, தெற்கே வைகாவூர், கிழக்கே குளித்தலை என்று நிறுத்துகிறது. அருணகிரிநாதரும் பழனியைப் பாடும்போது கொங்கு வைகாவூர் என்றே சொல்கிறார். நான் தாளவாடியில் இருக்கிறேன், தலைமலை எங்களுக்கு அடுத்த ஊர். பாடிய புலவருக்கு அது எல்லைக் கல். எங்களுக்கு அங்கே மாமன் வீடு இருக்கிறது. மலைகளைக் கொங்கின் வேலியாகப் பார்க்கும் பார்வை கீழே நின்று பார்ப்பவருடையது என்று எழுபதாவது வளைவு சொல்வதை நான் ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் ‘மலைப் பாட்டு’ என்ற பொதுத் தலைப்பும் வேண்டாம். கொல்லிமலையில் பாட்டு தமிழில் இருக்கிறது, அதனால் உங்களுக்குக் காடா வனமா என்பதோடு சிக்கல் முடிகிறது. எங்கள் பக்கம் சோளகரும் ஊராளியும் பாடுவது கன்னடத்துக்கும் தமிழுக்கும் அருகில் இருந்தாலும் இரண்டும் அல்ல. அட்டப்பாடியின் நஞ்சியம்மா இருளர் மொழியில் பாடியதற்கு 2022-இல் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது அறிவிக்கப்பட்டபோது, முறையாக இசை பயிலாதவருக்கு எப்படிக் கொடுக்கலாம் என்று வாதாடியவர்களும் இருந்தார்கள். அவர் பாட்டை யாராவது ‘செப்பம்’ செய்து பாடச் சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எண்ணிப் பாருங்கள்.

---

இட்டேரி (கேள்வி கேட்டவர்) எழுதியது:

விடை எழுதிய எல்லோருக்கும் நன்றி. சனிக்கிழமை ஊருக்கு இறங்காமல் மலையிலேயே தங்கி, மாணவியோடு அவள் வீட்டுக்குப் போய் வந்தேன். நடந்ததை எழுதிவிடுகிறேன்.

ஆயா முதலில் பாட மறுத்தார். வீட்டுக்குள் உட்கார்ந்து களைப்பாட்டுப் பாடுவது இழவு வீட்டில் தாலாட்டுப் பாடுவது போல என்றார். பிறகு காப்பி கொடுத்துவிட்டு, வாசலுக்கு வந்து, எதிர்வீட்டு மூதாட்டியைக் கூப்பிட்டார். எழுபதாவது வளைவு சொன்னது அப்படியே சரி. முதல் இரண்டு வரியை ஆயா பாடினார். அடுத்த இரண்டு வரியை எதிர்வீட்டு மூதாட்டி பாடினார். நான் நினைத்திருந்தபடி ஒருத்தி இன்னொருத்தியைக் குத்திக் காட்டுவது அன்று அது. தன் காட்டில் எட்டுக் களை எடுத்தேன் என்று இவர் பெருமை பேச, உன் காட்டு மல்லியச்சாமையில் ஒரு களையும் போகவில்லையே என்று அவர் மடக்குகிறார். “எங்க” என்பவர் இவர், “உங்க” என்பவர் அவர். நோட்டில் எல்லாம் ஒரே ஆளின் வரியாக இருந்ததால் நொய்யற்கரை ஐயாவும் நானும் ஒரே பக்கமாகப் படித்துவிட்டோம். ஆயாவின் காட்டில் கட்டவெட்டியா மல்லியச்சாமையா என்று கேட்டேன். இரண்டும் கலந்துதான் விதைத்தேன், அதை வைத்துத்தான் அவள் என்னைக் கேலி செய்கிறாள் என்று ஆயா சொன்னார்.

புரூப்பில் இருந்ததையும் படித்துக் காட்டினேன். ‘வனம்’ என்றதும் இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். “அங்க எதுக்கு நாங்க போறோம்?” என்று எதிர்வீட்டு மூதாட்டி கேட்டார். ‘யான்களைந்தேன்’ என்பதை என்னால் நிமிர்ந்து படிக்க முடியவில்லை.

சக ஆசிரியரிடம் குறுந்தொகை 100-ஐக் காட்டினேன். குடவரை அவர்கள் சொன்னபடி சிரித்தார். முன்னுரையைத் தாமே மாற்றி எழுதுவதாகச் சொல்லியிருக்கிறார், ஆனால் ஓரிக்கு ஒரு பத்தியாவது வேண்டும் என்கிறார். அந்த நாணத்தைச் சேர்ப்பதானால் இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன். பொதுத் தலைப்பிலிருந்து கொங்கு போய், அந்தந்த நாட்டின் பெயரோடு ‘களைப்பாட்டு’ என்று வருகிறது. எந்த நாடு என்று இங்கே எழுதவில்லை, பள்ளி தெரிந்துவிடும். பாடியவர்கள் என்று இரண்டு பெயர், எழுதியவர் என்று மாணவியின் பெயர்.

இப்போது எஞ்சியிருப்பது ஒன்றே ஒன்று. ஒருவர் பாடி நிறுத்தி மற்றவர் தொடங்கும் ஒவ்வொரு இடத்திலும் இருவரும் சேர்ந்து சொல்லின்றி இழுக்கும் ஓர் ஓசை வருகிறது. மாணவி அதை நோட்டில் எழுதவே இல்லை. அவளிடம் கேட்டதற்கு, அது பாட்டு இல்லை மிஸ், குனிந்திருந்தவர்கள் நிமிர்வதற்காக என்றாள். அந்த இடத்தை அச்சில் எப்படிக் காட்டுவது?

---

நொய்யற்கரை எழுதியது:

ஒரு வரி இடம் வெறுமையாக விடச் சொல்லுங்கள் அம்மா. டி.டி.பி. செய்பவர் இடம் வீணாகிறது என்று நெருக்கிவிடுவார். புரூப் வந்ததும் அந்த இடத்தை மட்டும் நீங்களே ஒருமுறை பார்த்துவிடுங்கள்.